"முருகா" என்று கூப்பிடும்போது தொண்டைக்குள் என்ன நடக்கிறது? – குரல் பற்றி ஒரு பாடம்

ஓம் சரவணபவ 🙏



இந்த வாரம் புராணக் கதை இல்லை, தல வரலாறும் இல்லை. நம்ம தொண்டையைப் பற்றிப் பேசப் போறேன். "இது முருகன் பக்கம்தானே, இங்க எதுக்கு அறிவியல் பாடம்?"னு கேட்கலாம். காரணம் இருக்கு.

போன வருஷம் கந்த சஷ்டி. எங்க குழுவில் ஆறு நாளும் சாயங்காலம் பாராயணம், அப்புறம் திருப்புகழ். முன்வரிசையில் நின்று எடுத்துக் கொடுக்கிற வேலை என்னுடையது. நான் விரதமும் இருந்தேன். பகல் முழுக்கத் தண்ணீர்கூட சரியாகக் குடிக்கலை. மேளம் ஒரு பக்கம், புனல் ஸ்பீக்கர் ஒரு பக்கம், அதுக்கு நடுவில் கத்திக் கத்தி "அரோகரா" போட்டேன். ஐந்தாம் நாளே குரல் கரகரத்தது. "சூரசம்ஹாரம் முடியட்டும், பார்த்துக்கலாம்"னு விட்டுட்டேன். ஆறாம் நாள் சரியாக சூரன் தலை விழுகிற நேரம், "வெற்றிவேல்"னு வாயைத் திறந்தேன். வெறும் காத்து வந்தது. சத்தமே இல்லை.

ஒரு வாரம் பொறுத்தும் சரியாகலை. காது மூக்கு தொண்டை டாக்டரம்மாகிட்ட போனேன். மெல்லிய கேமராவை விட்டுத் திரையில் காட்டினாங்க. அன்றைக்குத்தான் என் குரலை நான் முதல்முறையாகக் கண்ணால் பார்த்தேன். "பாருங்க தம்பி, இந்த ரெண்டு ஓரமும் வீங்கியிருக்கு. இன்னும் ஒரு வாரம் இப்படியே கத்தியிருந்தா முடிச்சு விழுந்திருக்கும்"னாங்க. அப்புறம் பத்து நாள் மௌனம்.

அந்தப் பத்து நாளில் படித்ததும், டாக்டரம்மா சொல்லிக் கொடுத்ததும், எங்க குழுவில் பாட்டுச் சொல்லித் தர்ற அக்கா விளக்கினதும்தான் இந்தப் பதிவு. படிச்சுக்கிட்டே செஞ்சு பாருங்க. எல்லாச் சோதனைக்கும் உங்க தொண்டை ஒண்ணே போதும்.

1. குரல் எங்கே பிறக்குது?

கழுத்து முன்பக்கம் மேடாக இருக்கிற இடத்தில் இரண்டு விரலை வையுங்க. "ஸ்ஸ்ஸ்"னு சொல்லுங்க. ஒண்ணும் தெரியாது. இப்போ "ம்ம்ம்"னு சொல்லுங்க. விரலில் ஒரு நடுக்கம் தெரியுதா? அதுதான் குரல் பிறக்கிற இடம். பேரு குரல்வளை.

அதுக்குள்ளே இரண்டு மெல்லிய சதை மடிப்பு இருக்கு. குரல் நாண்கள்னு சொல்றோம். நாண்னு பேரே தவிர, வீணைத் தந்தி மாதிரி இழுத்துக் கட்டினது இல்லை. ஓரத்தில் ஈரமாக, வழுவழுப்பாக இருக்கிற இரண்டு உதடு மாதிரின்னு நினைச்சுக்கோங்க. ஆண்களுக்கு நீளம் சுமார் 15 முதல் 20 மில்லிமீட்டர். பெண்களுக்கு அதைவிடக் குறைவு. விரல் நகம் அளவுதான்.

மூச்சு விடும்போது இரண்டும் விலகி முக்கோணமாகத் திறந்திருக்கும். திரையில் அந்த முக்கோணத்தைப் பார்த்ததும் எனக்கு வேலின் நுனிதான் ஞாபகம் வந்தது. இது என் மனசுக்குத் தோன்றினது, அறிவியல் இல்லை 😊

பேசணும்னு நினைச்சதும் இரண்டும் நெருங்கி மூடிக்கும். நுரையீரல் காற்று கீழிருந்து தள்ளும். நாண்கள் பட்டுனு திறக்கும், காற்று கொஞ்சம் தப்பிக்கும், உடனே மூடிக்கும், மறுபடியும் திறக்கும். ஒரு நொடிக்கு எத்தனை தடவை இப்படி நடக்குதோ அதுதான் உங்க குரலின் அதிர்வெண். அதைச் சொல்கிற அலகு ஹெர்ட்ஸ். சாதாரணப் பேச்சில் ஆண்களுக்குச் சுமார் 100 முதல் 130, பெண்களுக்கு 200-ஐ ஒட்டி, சின்னக் குழந்தைகளுக்கு 300-ஐ ஒட்டி.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்க. 200 ஹெர்ட்ஸில் விடாமல் ஒரு மணி நேரம் பாடினால், 200 × 3600. ஏழு லட்சத்து இருபதாயிரம் தடவை அந்த இரண்டு ஓரமும் ஒன்றோடு ஒன்று மோதுது! இடையில் மூச்சு வாங்குற நேரத்தைக் கழிச்சாலும் லட்சக்கணக்கில்தான் வரும். நகம் அளவுச் சதை. இதைக் கேட்ட அன்றைக்கு எனக்கு என் தொண்டை மேல ஒரு மரியாதையே வந்துடுச்சு.

உயிரோடு இருக்கிற மனிதரின் குரல் நாண்கள் அசைவதை இவ்வளவு தெளிவாகப் பார்க்க வழி காட்டினவர் டாக்டர் இல்லை, ஒரு பாட்டு வாத்தியார். மானுவல் கார்சியான்னு ஸ்பெயினில் பிறந்தவர். 1854-ல் பல் டாக்டர்கள் வெச்சிருக்கிற மாதிரி ஒரு குட்டிக் கண்ணாடியைத் தொண்டைக்குள்ள பிடிச்சு, இன்னொரு கண்ணாடியால் வெயிலை உள்ளே திருப்பி, தன் குரல் நாண்களைத் தானே பார்த்தார். அந்த வழியைத்தான் பிறகு மருத்துவ உலகம் எடுத்துக்கிட்டது. பாடுறவனுக்குத் தன் கருவி எப்படி இருக்குன்னு பார்க்கணும்னு ஆசை, அவ்வளவுதான்.

2. எழுத்து எங்கே பிறக்குது?

இன்னொரு சோதனை. ஒரே சுருதியில், மாற்றாமல், "ஆ… ஈ… ஊ…"ன்னு இழுங்க. தொண்டையில் நடக்கிறது ஒண்ணுதான், அதிர்வெண் மாறலை. ஆனா காதுக்கு மூணு வேற எழுத்து. அப்போ எழுத்தை உண்டாக்குறது யாரு? தொண்டைக்கு மேல இருக்கிற வாயும் நாக்கும்.

இதைக் கொஞ்சம் நிதானமாப் புரிஞ்சுக்கணும். குரல் நாண் 100 ஹெர்ட்ஸில் அதிர்ந்தால், அதிலிருந்து 100 மட்டும் வராது. 200, 300, 400, 500 என்று அதன் மடங்குகள் எல்லாம் சேர்ந்தே வரும். இவற்றை மேற்சுரங்கள்னு சொல்லலாம். இந்தக் கூட்டம் தொண்டை, வாய் என்கிற குழாய் வழியாக வெளியே வருது. ஆண்களுக்கு இந்தக் குழாயின் நீளம் சுமார் 17 சென்டிமீட்டர். எந்தக் குழாய்க்கும் பிடிச்ச சில அதிர்வெண்கள் உண்டு. புல்லாங்குழலில் துளையை மூடித் திறந்தால் சுரம் மாறுகிறதே, அது மாதிரி. 17 சென்டிமீட்டர் நேர்குழாய், ஒரு பக்கம் மூடி ஒரு பக்கம் திறந்திருந்தால், அதுக்குப் பிடிச்சது சுமார் 500, 1500, 2500 ஹெர்ட்ஸ். அந்த இடத்து மேற்சுரங்களை அது தூக்கிக் கொடுக்கும், மத்ததை அமுக்கிடும். இதுதான் ஒத்ததிர்வு.

நாக்கும் உதடும் அசைஞ்சா குழாயின் வடிவம் மாறும், பிடிச்ச அதிர்வெண்களும் மாறும். வளர்ந்த ஆண் "ஆ" சொன்னால் முதல் ஒத்ததிர்வு 700-ஐ ஒட்டி வரும். "ஈ" சொன்னால் முதலாவது 300-க்கு இறங்கி, இரண்டாவது 2200 பக்கம் ஏறிடும். "ஊ"வில் முதலாவது 300 பக்கம், இரண்டாவது 800 பக்கம். இந்த இரண்டு எண்ணை வைத்தே நம்ம காது "இது ஆ, இது ஈ"ன்னு பிரிச்சிடுது. தொண்டை ஒலியைக் கொடுக்குது, வாய் அதை வடிகட்டுது என்கிற இந்த விளக்கத்தை முழுசாகக் கணக்குப் போட்டு 1960-ல் புத்தகமாகக் கொடுத்தவர் ஸ்வீடன் நாட்டுக் குன்னர் ஃபான்ட்.

சந்தேகமா இருந்தா கிசுகிசுன்னு "சரவணபவ" சொல்லிப் பாருங்க. விரலில் நடுக்கம் இருக்காது, குரல் நாண் வேலையே செய்யலை. ஆனாலும் எழுத்து ஒவ்வொண்ணும் தெளிவாகப் புரியுது. ஜபத்தில் வாசிகம், உபாம்சு, மானசம்னு மூணு வகை சொல்லுவாங்க இல்லையா? வாய்விட்டுச் சொல்றது, உதடு மட்டும் அசைவது, மனசுக்குள்ளே. உபாம்சுவில் தொண்டை ஓய்வில் இருக்க, வாய் மட்டும் நாமத்தை வடிக்குது.

நம்ம தொல்காப்பியத்தில் எழுத்ததிகாரத்தின் மூன்றாம் இயல் பிறப்பியல். உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு என்ற இடங்களில் நின்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் ஆகியவற்றோடு சேர்ந்து எழுத்தாகிறது என்று அங்கே சொல்லியிருக்கு. எட்டு உறுப்பு. காற்று வேறு, அதை எழுத்தாக்கும் உறுப்பு வேறுன்னு பிரிச்சுப் பார்த்த பார்வை அதில் இருக்கு. பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் பண்ணி மறந்துட்டோம்!

3. "முருகா" – ஒரே பேரில் மூன்று இனம்

இது எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி. முருகு என்ற சொல்லில் மூன்று மெய். ம் மெல்லினம், ர் இடையினம், க் வல்லினம். இதைப் பல சொற்பொழிவுகளில் கேட்டிருப்பீங்க. ஆனா ஒலியாக அது என்ன?

*மு* – உதடு மூடியிருக்கு, காற்று மூக்கு வழியாகப் போகுது. "ம்ம்ம்"னு இழுத்துக்கிட்டே மூக்கைப் பிடிங்க. சத்தம் உடனே நின்னுடும். மெல்லினம் ஆறும் இப்படி மூக்கை நம்பித்தான் வாழுது.

*ரு* – நாக்கு நுனி மேலே ஒரே ஒரு தட்டு தட்டி விலகுது. காற்று பெரிசாகத் தடைபடலை, மூக்குக்கும் போகலை. மென்மையும் வன்மையும் இல்லாத இடைப்பட்ட நிலை.

*கா* – பின் நாக்கு எழும்பி வழியை அடைக்குது, பிறகு திறக்குது. அடைத்துத் திறப்பதுதான் வல்லினம். இதிலும் ஒரு நுணுக்கம். "கந்தா"வில் முதல் க, "முருகா"வில் கடைசி க, இரண்டையும் சொல்லிப் பாருங்க. ஒரே எழுத்து, ஆனா ஒலி வேற. சொல் முதலில் வரும்போது அடைப்பு நேரத்தில் குரல் நாண் சும்மா இருக்கு. இரண்டு உயிருக்கு நடுவில் வரும்போது நாண் அதிர்வை நிறுத்தாமல் கடந்து போகுது, அதனால் க மென்மையாகுது.

கடைசியில் ஆ. வாய் முழுசாகத் திறந்துவிடுது. மூடிய உதட்டில் தொடங்கி, திறந்த வாயில் முடிகிற கூப்பிடு. இதே காரணத்தால்தான் "அரோகரா" மலையடிவாரம் வரைக்கும் கேட்குது. அதில் இருக்கிறது அ, ஓ, அ, ஆ. "ஈ"யோ "ஊ"வோ ஒன்றுகூட இல்லை. வாய் அகலத் திறக்கிற "ஆ"வில், அதே மூச்சுக்கு, "ஈ", "ஊ"வைவிட அதிகச் சத்தம் வெளியே வரும். கூட்டத்தில் கோஷமாகப் போடுவதற்கென்றே அமைந்த மாதிரி ஒரு சொல்.

அப்புறம் நம்ம *ழ*. பழனி, திருப்புகழ், தமிழ். "பளனி"ன்னு சொல்றவங்க நம்ம பக்கத்திலும் இருக்கீங்க, தெரியும் 😄 "ள"வுக்கு நாக்கு மடங்கி மேல் அண்ணத்தைத் தொடணும். "ழ"வுக்கு நாக்கு மடங்கணும், ஆனா தொடக்கூடாது. இப்படித் தொடாமல் மடங்கும்போது மூன்றாவது ஒத்ததிர்வு நன்றாகக் கீழே இறங்குது. அந்த இறக்கம்தான் "ழ"வின் இனிமை. கண்ணாடி முன்னாடி நின்னு தினம் பத்து தடவை "பழனி" சொல்லுங்க, ரெண்டு வாரத்தில் வித்தியாசம் தெரியும்.

திருப்புகழ்ச் சந்தம் ஏன் காதில் துள்ளுது என்பதும் இங்கேதான் இருக்கு. "தத்த" என்று சொல்லுங்க. நடுவில் ஒரு சின்ன அமைதி, அடைப்பு. "தந்த" என்று சொல்லுங்க. அந்த இடத்தில் அமைதிக்குப் பதில் மூக்கொலி ரீங்காரம். "தய்ய"ன்னா அடைப்பே இல்லை. குறில், நெடிலோட அளவும் சேர்ந்துக்கும். அருணகிரிநாதர் அமைதியையும் ரீங்காரத்தையும் எண்ணி எண்ணி அடுக்கியிருக்கார். அதனால் வேகமாகப் பாடுகிறேன்னு ஒற்றெழுத்தை விழுங்கினால் பாட்டு மட்டும் இல்லை, தாளமே போயிடும்.

4. பேச்சும் பாட்டும் எங்கே பிரியுது?

பேசும்போது சுருதி நிற்காது. ஒவ்வொரு அசையிலும் வழுக்கிக்கிட்டே ஏறி இறங்கும். பாட்டில் சுரங்களுக்கு நிலையான இடம் இருக்கு. கமகம் அசைந்தாலும் அது எந்தச் சுரத்தைச் சுற்றி அசையுதுன்னு காதுக்குத் தெரியும். இன்னொண்ணு, பாட்டில் உயிரெழுத்துதான் நீளும். மெய்யை இழுக்க முடியாது (ம், ந், ல், ழ் மாதிரி சிலதைத் தவிர). அதனால்தான் பாட்டு அக்கா எப்பவும் "உயிரில் நில்லு, மெய்யில் நிக்காதே"ன்னு சொல்வாங்க.

இப்போ கட்டை விஷயம். 1 கட்டைன்னா ஆர்மோனியத்தில் சி, 2 கட்டை டி, 5 கட்டை ஜி, 6 கட்டை ஏ. ஆண்கள் பெரும்பாலும் 1, 2 கட்டையில் பாடுவாங்க; ஆதார சட்ஜம் 131 முதல் 147 ஹெர்ட்ஸ். பெண்கள் 5, 6 கட்டை. 196 முதல் 220. இரண்டுக்கும் நடுவில் கிட்டத்தட்ட ஒரு பஞ்சம இடைவெளி.

எங்க குழுவில் நடந்த தப்பு இதுதான். பெண் குரலில் பதிவான பாட்டை ஸ்பீக்கரில் போட்டு, அதே சுருதியில் ஆண்களும் சேர்ந்து பாடினோம். மேல் ஸ்தாயி வந்தா நாங்க எல்லாம் கத்தத்தான் முடியும். பாட்டு அக்கா இப்போ இதை மாத்தியிருக்காங்க. கவசம் மாதிரி பாராயணத்தில் சுரங்கள் ரொம்பக் குறைவு, ஏற்ற இறக்கம் சின்னது. அதை 3 அல்லது 4 கட்டையில் வெச்சா ஆண், பெண் இருவருக்கும் சரியா வருது. ஏற்ற இறக்கம் அதிகமான பாட்டுன்னா ஒரு பாட்டு பெண்கள், ஒரு பாட்டு ஆண்கள், அவரவர் சுருதியில். சண்டையே இல்லை.

5. மைக் இல்லாத காலத்தில் எப்படிக் கேட்டது?

கே.பி. சுந்தராம்பாள் அம்மாவும் எஸ்.ஜி. கிட்டப்பாவும் நாடக மேடையில் பாடத் தொடங்கிய காலத்தில் மைக் கிடையாது. கடைசி வரிசைக்கும் கேட்கணும். இரண்டு பேருமே உச்ச சுருதிக்குப் பேர் போனவங்க.

நம்ம காதுத் துளையின் நீளம் சுமார் இரண்டரை சென்டிமீட்டர். அதுவும் ஒரு குழாய்தானே? அதன் ஒத்ததிர்வு 3000 ஹெர்ட்ஸை ஒட்டி வருது. அதனால் அந்தப் பகுதி ஒலி நமக்குக் கூர்மையாகக் கேட்கும். ஸ்வீடன் ஆய்வாளர் யோஹான் சுந்த்பெரி 1970-களில் மேற்கத்திய ஓபரா பாடகர்களை ஆராய்ந்து காட்டினார்: பயிற்சி பெற்ற ஆண் குரல்கள் குரல்வளைக்கு மேலிருக்கும் குழாயை ஒழுங்குபடுத்தி, 3000 ஹெர்ட்ஸ் பக்கம் ஒலியைக் குவிக்கிறாங்க. பெரிய வாத்தியக் குழுவின் ஒலி 500 பக்கம் பலமாக இருக்கும், 3000 பக்கம் குறைஞ்சிடும். அந்த இடைவெளியில் குரல் நுழைஞ்சு வருது. நாம நினைக்கிற மாதிரி அது நெஞ்சு பலத்தால் மட்டும் நடக்கிறது இல்லை.

நான் செய்தது நேர் எதிர். மேளத்தை என் சத்தத்தால் ஜெயிக்கப் பார்த்தேன். சுற்றி இரைச்சல் இருந்தால் மனுஷன் தன்னை அறியாமலே குரலை உயர்த்துவான். இதை 1911-ல் எழுதியவர் லோம்பார்ட் என்ற பிரெஞ்சு டாக்டர். நமக்குத் தெரியாமலே நடக்கும் என்பதுதான் ஆபத்து. என் சத்தம் என் காதில் விழலைன்னா நான் கத்திக்கிட்டே இருப்பேன். அதனால் இப்போ ஸ்பீக்கர் ஒண்ணைப் பாடுறவங்க பக்கம் திருப்பி வைக்கிறோம். மேளம் அடிக்கும்போது பாட்டு இல்லை, பாட்டு நடக்கும்போது மேளம் இல்லை.

கோயில் கல் மண்டபத்தில் இன்னொரு பிரச்சனை. கல் ஒலியை விழுங்காது, திருப்பித் திருப்பி அனுப்பும். நீட்டிப் பாடினால் அது இனிமை. வேகமாக ஓதினால் முந்தின சொல் ஓயுமுன் அடுத்தது வந்து மோதி எல்லாம் கலங்கிடும். மண்டபத்தில் பாராயணம்னா வேகத்தைக் குறைங்க. பாத யாத்திரையிலும் கவனிச்சிருப்பீங்க, முன்னால் போறவங்களும் பின்னால் வர்றவங்களும் தாளம் சேரமாட்டாங்க. ஒலி நொடிக்குச் சுமார் 340 மீட்டர்தான் போகும். 100 மீட்டர் நீளக் கூட்டத்தில் முன்பாட்டு பின்னாடி போய்ச் சேரவே 0.3 நொடி ஆகுது. யார் மேலயும் தப்பு இல்லை.

6. அடிக்கடி வரும் இரண்டு சந்தேகம்

*"ரெக்கார்டில் என் குரல் அசிங்கமா இருக்கே?"* திருப்புகழ் பாடி வாட்ஸ்அப்பில் போடச் சொன்னா பாதிப் பேர் சொல்றது இது. நீங்க பாடும்போது உங்க குரல் காற்று வழியாகவும் கேட்குது, மண்டை எலும்பு வழியாகவும் கேட்குது. எலும்பு வழியில் கீழ் அதிர்வெண்கள் நன்றாக வரும், அதனால் உங்களுக்கு உங்க குரல் கனமாக இருக்கும். ரெக்கார்டில் எலும்பு கிடையாது. அதில் கேட்கிறதுதான் நாங்க எல்லோரும் இத்தனை நாளாகக் கேட்டு ரசிச்சது. தைரியமா அனுப்புங்க.

*"ஓம் சொன்னால் 432 ஹெர்ட்ஸ் வருமாமே?"* இந்தச் செய்தியை நானும் ஒரு காலத்தில் பத்து குழுவுக்கு அனுப்பியிருக்கேன். மன்னிக்கணும். மேலே பார்த்தது மாதிரி, தாத்தா 110-ல் சொன்னாலும் ஓம்தான், பேத்தி 300-ல் சொன்னாலும் ஓம்தான். ஒரு குரலில் ஒரு அதிர்வெண் மட்டும் இருப்பதே இல்லை. நாமத்துக்கு மகிமை சேர்க்க நாம பொய் எண் கொடுக்க வேண்டியதில்லை.

7. உடையும் குரலைப் பார்த்துச் சிரிக்காதீங்க

இதை எழுதத்தான் இவ்வளவும் எழுதினேன்.

எங்க குழுவில் 13 வயசுத் தம்பி ஒருத்தன். அருமையான குரல். இரண்டு வருஷம் முன்னாடி கார்த்திகை அன்று விருத்தம் பாடும்போது மேலே போன இடத்தில் குரல் கிறீச்சிட்டு உடைஞ்சது. எல்லோரும் சிரிச்சோம். நானும்தான். அடுத்த வாரத்திலிருந்து அவன் வரலை. படிப்பு இருக்குன்னு அவங்க அம்மா சொன்னாங்க.

அந்த வயசில் பையன்களுக்குக் குரல்வளை வேகமாக வளருது. நாண்கள் நீண்டு தடிக்குது. குரல் கிட்டத்தட்ட ஒரு ஸ்தாயி கீழே இறங்குது. பெண் பிள்ளைகளுக்கும் இறங்கும், ஆனா சில சுரம்தான். பழைய கருவிக்குப் பழகின மூளை, புதுக் கருவியை வாசிக்கப் பழகுற வரைக்கும் நடுவில் உடையும். இது அபசுரம் இல்லை, வளர்ச்சி. அந்தக் காலத்தில் மேல் ஸ்தாயிக்கு வற்புறுத்தாமல், வசதியான நடுச்சுரங்களில் மட்டும் மெதுவாகப் பாட வைக்கணும். பாட்டை விடச் சொல்லக் கூடாது.

என் குரல் போன அன்றைக்கு யாரும் சிரிக்கலை. சுக்குக் காப்பி வெச்சுக் கொடுத்தாங்க. மௌனமா இருந்த அந்தப் பத்து நாளும் எனக்கு அந்தத் தம்பி முகம்தான் கண்ணில் நின்னது. பேச ஆரம்பிச்சதும் நேரா அவங்க வீட்டுக்குப் போனேன். இதையெல்லாம் சொன்னேன். மன்னிப்பும் கேட்டேன். அவன் ஒண்ணும் பேசலை. ரெண்டு வாரம் கழிச்சு வந்து ஜால்ராவை எடுத்துக்கிட்டு ஓரமா உட்கார்ந்தான். இப்போ 1½ கட்டையில் பாடுறான். முன்னாடி இருந்த குரல் இல்லை, வேற குரல். நல்ல குரல்.

8. இந்த சஷ்டிக்கு முன்னாடி ஞாபகம் வெச்சுக்கோங்க

🔸 குடிக்கிற தண்ணீர் குரல் நாண் மேல படாது, அது உணவுக்குழாய் வழியாகப் போகுது. உடம்பு முழுக்க ஈரமாக இருந்தால்தான் நாணும் ஈரமாக இருக்கும். அதனால் பாடுறதுக்கு ரெண்டு நிமிஷம் முன்னாடி இல்லை, காலையிலிருந்தே குடிங்க. முன்நின்று பாடுறவங்க தண்ணீர் விடாத விரதமாக வெச்சுக்கோங்க.

🔸 பனங்கற்கண்டு, அதிமதுரம், சுக்கு எல்லாம் தொண்டைக்கு இதம். ஆனா வீக்கத்தை மறைச்சுக்கிட்டுப் பாட அது அனுமதிச் சீட்டு இல்லை.

🔸 "க்ஹ்ம்"னு தொண்டையைச் செருமிக்கிட்டே இருக்காதீங்க. அது இரண்டு நாணையும் பலமாக மோத விடுது. ஒரு வாய்த் தண்ணீர் விழுங்குங்க.

🔸 கரகரத்தால் அன்றைக்குப் பாட்டு நிறுத்தம். அழுத்திக் கிசுகிசுப்பதும் ஓய்வு ஆகாது. மானச ஜபம் இருக்கு, அதைப் பண்ணுங்க.

🔸 மூன்று வாரத்துக்கு மேலும் குரல் சரியாகலைன்னா காது மூக்கு தொண்டை டாக்டரைப் பாருங்க. ரத்தம், மூச்சுத் திணறல், விழுங்க முடியாமை இருந்தால் அதுவரை காத்திருக்கவே வேண்டாம்.

என் குரல் முக்கால்வாசி திரும்பி வந்துடுச்சு. மேல் ஸ்தாயியில் இரண்டு சுரம் இன்னும் வரலை, வருமான்னு தெரியலை. டாக்டரம்மா பொறுமையா இருக்கச் சொல்லியிருக்காங்க. இந்த வருஷம் எடுத்துக் கொடுக்கிற வேலையை மூணு பேர் முறை வெச்சுச் செய்யறோம். அதில் ஒருத்தன் அந்தத் தம்பி. அவன் எடுத்துக் கொடுக்கும்போது நான் பின்வரிசையில் நின்னு மெதுவா, ஆனா வாய் நிறைய "முருகா"ன்னு சொல்லிக்கிட்டு இருப்பேன். அவனுக்கு அது கேட்கும்.

உங்க குழுவில் குரல் உடையுற வயசில் பிள்ளைங்க இருந்தா, அவங்க அப்பா அம்மாவுக்கு இந்தப் பதிவை அனுப்புங்க.

வேலும் மயிலும் துணை.
முருகா சரணம் 🙏🦚